தொடக்ககால இணையக் கேமராக்களின் பாதுகாப்புக் குறைகள்

இணையக் கேமரா என்பது தான் காணும் காட்சியை இணையத்தின் வழியே தொலைவில் இருப்பவருக்கு அனுப்பும் கேமரா ஆகும். கடை, பள்ளி, மருத்துவமனை, வீட்டு வாசல் என இன்று நாம் எங்கும் காணும் கண்காணிப்புக் கேமராக்களில் பல இவ்வகையைச் சேர்ந்தவை, அல்லது இணையத்துடன் இணைக்கப்பட்ட பதிவுப் பெட்டியில் மாட்டப்பட்டவை. ஆனாலும் பேச்சு வழக்கில் எல்லாவற்றையும் சிசிடிவி என்றே சொல்கிறோம். அச்சொல்லின் விரிவு 'மூடிய சுற்றுத் தொலைக்காட்சி' என்பதாகும். பழைய கேமராவிலிருந்து புறப்படும் கம்பி அதே கட்டடத்தில் உள்ள ஒரு திரையில் போய் முடிந்துவிடும். அதனைத் திருட்டுத்தனமாகப் பார்க்க விரும்பும் ஒருவர் அந்தக் கட்டடத்துக்குள் நுழைந்தாக வேண்டும். சுற்று மூடியது என்பதன் பொருள் இதுதான்.

இணையம் வந்தபின் அந்தச் சுற்று திறந்துவிட்டது, பெயர் மட்டும் அப்படியே நின்றுவிட்டது. 1990களின் நடுப்பகுதி முதல் ஏறத்தாழ 2016 வரை விற்பனையான கேமராக்களில் இருந்த குறைகள் எவை, அவை எப்படி ஏற்பட்டன, அவற்றின் விளைவை இந்தியாவில் இன்றும் யார் அனுபவிக்கிறார்கள் என்பவற்றை இக்கட்டுரை விளக்குகிறது.

காப்பிக் குடுவையும் முதல் கேமராவும்

1991ஆம் ஆண்டு இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகக் கணினி ஆய்வகத்தில் 'ட்ரோஜன் அறை' எனப்பட்ட அறைக்கு வெளியே ஒரு காப்பிக் குடுவை இருந்தது. வேறு தளங்களில் வேலை செய்தவர்கள் படியேறி வந்து பார்த்தால் பெரும்பாலும் குடுவை காலியாக இருக்கும். இந்த அலைச்சலைத் தவிர்க்க, குடுவையை நோக்கி ஒரு கேமராவை நிறுத்தினார்கள். குவென்டின் ஸ்டாஃபோர்ட்-ஃபிரேசர், பால் ஜார்டெட்ஸ்கி என்னும் இருவர் அதற்கான நிரல்களை எழுதினார்கள். அகலம் 128 புள்ளி, உயரம் 128 புள்ளி கொண்ட சாம்பல் நிறப் படம், நிமிடத்துக்குச் சில முறை மாறும். ஆய்வகத்தின் உள் வலையமைப்பில் மட்டும் தெரிந்த இப்படம் 1993 நவம்பரில் உலகளாவிய வலைக்கு வந்தது. 2001 ஆகஸ்ட் 22 அன்று கேமரா நிறுத்தப்படும்வரை உலகெங்கும் இருந்து ஏராளமானோர் இந்தக் குடுவையை எட்டிப் பார்த்தார்கள்.

இக்கேமராவுக்குக் கடவுச்சொல் கிடையாது. காப்பிக்குக் காவல் எதற்கு? அந்தப் பயனுக்கு அது சரியான முடிவே. ஆனால் அடுத்து வந்த கேமராக்கள் குழந்தை உறங்கும் தொட்டிலையும் கடையின் கல்லாவையும் நோக்கின. அவற்றை வடிவமைத்தவர்களின் மனநிலையோ காப்பிக் குடுவையை விட்டு வெகுதூரம் நகரவில்லை.

1994இல் வெளிவந்த கனெக்டிக்ஸ் நிறுவனத்தின் குவிக்கேம் போன்றவை கணினியோடு கம்பியால் பிணைந்தவை. கணினியை அணைத்தால் கேமராவும் அணைந்துவிடும். 1996இல் சுவீடன் நாட்டின் ஆக்சிஸ் நிறுவனம் நெட்ஐ 200 என்னும் கேமராவை வெளியிட்டது. உலகின் முதல் வலையமைப்புக் கேமராவாகக் கருதப்படுவது இதுவே. பக்கத்தில் கணினி எதுவும் தேவையில்லாமல், வலையமைப்புக் கம்பியை நேராகக் கேமராவிலேயே செருகலாம். கேமராவுக்குள்ளேயே ஒரு வலைச் சேவையகம் இருந்தது. எந்த ஊரில் இருந்தும் உலாவியில் முகவரியைத் தட்டினால் படம் வரும். அப்போதைய படத்தின் தரமும் வேகமும் மிகக் குறைவு. ஆயினும் இன்றைய கேமராக்களின் அடிப்படை அமைப்பு அதில் முழுமையாக இருந்தது.

மாணவர்கள் இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். இணையக் கேமரா என்பது லென்சு பொருத்திய ஒரு சிறு கணினி. அதற்குள் செயலி உண்டு, நினைவகம் உண்டு, பெரும்பாலும் லினக்சு வகை இயங்குதளமும் உண்டு. வீட்டுக் கணினிக்கு நச்சுநிரல் தடுப்பு போடுகிறோம், கைப்பேசிக்கு அவ்வப்போது வரும் புதுப்பிப்பை ஏற்றுகிறோம். சுவரில் எட்டடி உயரத்தில் தொங்கும் இந்தக் கணினியை மட்டும் பல்பைப் போல மாட்டிவிட்டு மறந்துவிடுகிறோம். பல்பு பழுதானால் இருட்டாகும், உடனே தெரிந்துவிடும். கேமராவைப் பிறர் பார்த்துக்கொண்டிருந்தால் அதில் எந்த மாற்றமும் தெரியாது.

கதவு எண் தெரிந்தால் போதும்

இணையத்தில் இணையும் ஒவ்வோர் இணைப்புக்கும் ஐபி முகவரி என்னும் எண் உண்டு. வீட்டில் உள்ள கைப்பேசி, கணினி, கேமரா ஆகியவற்றுக்குத் தனித்தனியே உள்முகவரிகள் உண்டு. வெளியே இருந்து வருபவருக்கு அவை தெரியாது. நடுவில் இருக்கும் ரவுட்டர், அடுக்குமாடிக் குடியிருப்பின் வாயிற்காவலர் போன்றது. உள்ளிருந்து ஒருவர் கேட்டு வரவழைத்த பொருளை மட்டும் உள்ளே விடும். அழைக்காமல் வருபவரைத் திருப்பி அனுப்பிவிடும்.

வெளியூரில் இருந்து வீட்டுக் கேமராவைப் பார்க்க வேண்டுமானால் இந்தக் காவலைத் தளர்த்த வேண்டும். கேமரா பொருத்துபவர் ரவுட்டருக்குள் சென்று, 'இந்த எண்ணைச் சொல்லிக்கொண்டு யார் வந்தாலும் நேராகக் கேமராவிடம் அனுப்பு' என்று எழுதி வைப்பார். இதற்கு போர்ட் ஃபார்வர்டிங் என்று பெயர். அந்த 'யார் வந்தாலும்' என்பதில்தான் சிக்கல். மகன் பெங்களூரில் இருந்து வந்தாலும் முன்பின் தெரியாதவர் வேறொரு கண்டத்தில் இருந்து வந்தாலும் காவலருக்கு இருவரும் ஒன்றுதான். பல கேமராக்கள் இன்னும் ஒருபடி மேலே போய், யுபிஎன்பி என்னும் வசதியைக் கொண்டு தாமாகவே ரவுட்டரிடம் பேசி இந்த வழியைத் திறந்துகொண்டன. வீட்டுக்காரர் எதையும் செய்யவில்லை. ஆகவே எதுவும் திறந்திருப்பது அவருக்குத் தெரியவும் இல்லை.

'என் முகவரி எனக்கு மட்டும்தானே தெரியும்' என்ற எண்ணம் பலருக்கும் இருந்தது. அதில் எவ்வளவு உறுதி உண்டு என்பதைக் கணக்குப் போட்டே பார்த்துவிடலாம். பழைய வகை ஐபி முகவரிகள் மொத்தம் 2இன் அடுக்கு 32, அதாவது சுமார் 429 கோடி. ஒருவர் உட்கார்ந்து தட்டிப் பார்க்க முடியாத எண்ணிக்கைதான். ஆனால் 2013இல் அமெரிக்காவின் மிச்சிகன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் வெளியிட்ட சீமேப் என்னும் நிரல், வேகமான இணைப்பு உள்ள ஒரே கணினியைக் கொண்டு இத்தனை முகவரிகளையும் 45 நிமிடத்துக்குள் தட்டிப் பார்த்துவிடும். நம் பள்ளிகளில் ஒரு பாடவேளையும் ஏறத்தாழ அதே நேரம்தான்.

அதற்கு முன்பே தேடல் வசதிகள் வந்துவிட்டன. சில நிறுவனங்களின் கேமராக்களுடைய வலைப்பக்க முகவரிகள் எல்லாம் ஒரே மாதிரி முடியும். அந்த முடிவுப் பகுதியைக் கூகுளில் தேடினால் உலகெங்கும் உள்ள அந்நிறுவனக் கேமராக்கள் வரிசையாக வந்து நிற்பது 2005இன் தொடக்கத்தில் செய்தியானது. வாகன நிறுத்தங்கள், கடைகள், அலுவலக அறைகள் எனக் கிடைத்ததை எல்லாம் மக்கள் வேடிக்கை பார்த்தார்கள். 2009இல் ஷோடன் என்னும் தேடுபொறி தொடங்கப்பட்டது. கூகுள் வலைப்பக்கங்களைத் தேடுவது போல இது இணையத்தில் இணைந்துள்ள கருவிகளைத் தேடிப் பட்டியலிடுகிறது. பாதுகாப்பு ஆய்வாளர்களுக்கு இது மிகப் பயனுள்ள கருவி. தீய நோக்கம் உள்ளவருக்கும் அப்படியே.

ஆலையில் வைத்த கடவுச்சொல்

வாசல்வரை வந்தவரை நிறுத்த வேண்டியது கடவுச்சொல். தொடக்ககாலக் கேமராக்கள் எல்லாம் ஆலையிலிருந்து வரும்போதே ஒரு பயனர் பெயரும் கடவுச்சொல்லும் வைக்கப்பட்டே வந்தன. ஆக்சிஸ் கேமராக்களில் 'ரூட்' என்ற பெயருக்கு 'பாஸ்' என்பதே கடவுச்சொல். இந்தியச் சந்தையில் பெரிய இடம் பிடித்த சீன நிறுவனமான ஹிக்விஷனில் 'அட்மின்' என்ற பெயருக்கு 12345. வேறு பல கருவிகளில் கடவுச்சொல் இடமே வெற்றாக இருக்கும். இவை இரகசியமும் அல்ல. கையேட்டிலேயே அச்சிடப்பட்டிருக்கும், அக்கையேடு இணையத்திலும் கிடைக்கும். ஒரே மாதிரிச் சாவியால் திறக்கும் பூட்டுகளை இலட்சக்கணக்கில் விற்று, சாவியின் படத்தையும் பெட்டியின் மேல் ஒட்டிக் கொடுத்தது போன்ற நிலை.

வாங்கியவர் மாற்றிக்கொள்ள வேண்டும் என்பதே நிறுவனங்களின் வாதம். ஆனால் மாற்றாமலும் கருவி வேலை செய்யும் என்றால் மாற்றுபவர் சிலரே. நான் பார்த்த அளவில், சிறு ஊர்களில் கேமராவின் கடவுச்சொல்லைக் கடைக்காரர் அறிந்திருப்பதே இல்லை. பொருத்தியவருக்குத்தான் தெரியும். அவரோ நாளை பழுது பார்க்க வரும்போது மறந்துவிடக் கூடாது என்பதற்காகத் தாம் பொருத்தும் எல்லா இடங்களிலும் ஒரே சொல்லை வைத்துவிடுகிறார். அவரைக் குறை சொல்லியும் பயனில்லை. ஒரு நாளைக்கு இரண்டு மூன்று இடங்களில் ஏணி ஏறும் மனிதருக்கு இதை யாரும் கற்றுக்கொடுக்கவில்லை.

கடவுச்சொல்லின் நீளம் ஏன் முக்கியம் என்பதையும் எண்களால் பார்க்கலாம். நான்கு இலக்கக் கடவு எண்கள் மொத்தம் 10,000. நொடிக்கு ஒன்று வீதம் முயன்றால் 2 மணி 47 நிமிடத்தில் எல்லாம் தீர்ந்துவிடும். ஆங்கிலச் சிறிய எழுத்துகளில் ஏதேனும் எட்டைத் தொடர்பில்லாமல் அடுக்கினால் 20,000 கோடிக்கு மேற்பட்ட வாய்ப்புகள் உண்டு. அதே வேகத்தில் முயன்றால் 6,600 ஆண்டுகளுக்கு மேல் ஆகும். உண்மையில் தாக்கும் நிரல்கள் இதைவிடப் பலமடங்கு வேகமானவை, ஒப்பீட்டுக்காகவே இக்கணக்கு. ஆனால் ஆலைக் கடவுச்சொல்லை மாற்றாத கேமராவுக்கு இந்தக் கணக்கே தேவையில்லை, முதல் முயற்சியிலேயே திறந்துவிடும்.

2014 நவம்பரில் இன்செகேம் என்னும் வலைத்தளம் இதனை உலகுக்குக் காட்டியது. ஆலைக் கடவுச்சொல் மாற்றப்படாத பல்லாயிரம் கேமராக்களின் நேரடிக் காட்சிகளை நாடுவாரியாகப் பிரித்து அது வெளியிட்டது. குழந்தைகள் அறை, வரவேற்பறை, கடைக்குள் எல்லாம் அதில் தெரிந்தன. பிரிட்டனின் தகவல் ஆணையர் அலுவலகம் கடவுச்சொல்லை உடனே மாற்றும்படி மக்களை எச்சரித்தது.

பூட்டிய பிறகும் திறந்திருந்தவை

கடவுச்சொல்லை மாற்றியவர்களுக்கும் முழுப் பாதுகாப்புக் கிடைக்கவில்லை. அமெரிக்காவில் ட்ரெண்ட்நெட் என்னும் நிறுவனம் 'செக்யூர்வியூ' என்ற பெயரில் கேமராக்களை விற்றது. பெயரிலேயே பாதுகாப்பு உண்டு. 2012 ஜனவரியில் ஓர் ஆய்வாளர் இக்கேமராக்களில் ஒரு குறையை வெளியிட்டார். முன்பக்கத்தில் கடவுச்சொல் கேட்கும். ஆனால் காட்சி ஓடும் பக்கத்தின் முகவரியை நேராகத் தட்டினால் எதுவும் கேட்காமல் படம் வந்துவிடும். வாசலில் பூட்டு, கொல்லையில் கதவே இல்லை. சில நாட்களிலேயே சுமார் 700 கேமராக்களின் நேரடிக் காட்சி இணைப்புகள் இணையத்தில் பரவின. தொட்டிலில் உறங்கும் குழந்தைகள், விளையாடும் சிறுவர்கள், வீட்டுக்குள் அன்றாட வேலையில் இருந்த பெரியவர்கள் அவற்றில் தெரிந்தார்கள்.

அமெரிக்கக் கூட்டாட்சி வணிக ஆணையம் இதனை விசாரித்தது. 2013 செப்டம்பரில் அறிவிக்கப்பட்ட தீர்வின்படி, அந்நிறுவனம் தன் கருவிகளின் பாதுகாப்பைப் பற்றித் தவறாகச் சொல்லக் கூடாது, 20 ஆண்டுகளுக்கு ஈராண்டுக்கு ஒருமுறை வெளியாரைக் கொண்டு தன் பாதுகாப்புத் திட்டத்தைத் தணிக்கை செய்ய வேண்டும். இணையத்தில் இணைந்த வீட்டுக் கருவிகள் தொடர்பாக அவ்வாணையம் எடுத்த முதல் நடவடிக்கை இது.

அந்த விசாரணையில் வெளிவந்த இன்னொரு குறை, பயனர் பெயரும் கடவுச்சொல்லும் மறையாக்கம் செய்யப்படாமல் இணையத்தில் பயணித்தது. அக்காலக் கேமராக்கள் பலவற்றிலும் இதே நிலைதான். சிலவற்றில் கடவுச்சொல் பேஸ்64 என்னும் முறையில் உருமாறிச் செல்லும். பார்த்தால் புரியாத எழுத்துக் கோவையாக இருக்கும், அதனால் பலரும் அதனைப் பூட்டு என்று நினைத்துக்கொள்வார்கள். உண்மையில் அது 'வணக்கம்' என்ற சொல்லைத் தெலுங்கு எழுத்தில் எழுதுவது போன்றது. எழுத்து தெரிந்தவர் உடனே வாசித்துவிடுவார். மறையாக்கத்தில் சாவி இல்லாமல் வாசிக்க முடியாது. பேஸ்64இல் சாவி என்ற ஒன்றே இல்லை. கணினி அறிவியல் பயிலும் மாணவர்கள் இந்த இரண்டையும் குழப்பிக்கொள்வதை நான் பலமுறை கண்டிருக்கிறேன்.

இதனினும் மோசமானது உற்பத்தியாளரே விட்டுவைத்த வழி. 2017இல் ஹிக்விஷன் கேமராக்கள் பலவற்றில் ஒரு குறை வெளியானது. முகவரியோடு ஒரு குறிப்பிட்ட எழுத்துத் தொடரைச் சேர்த்தால், உரிமையாளர் எவ்வளவு வலுவான கடவுச்சொல் வைத்திருந்தாலும் அதனைக் கேட்காமலேயே கேமரா கீழ்ப்படிந்தது. நிறுவனம் திருத்திய நிலைபொருளை வெளியிட்டது. நிலைபொருள் என்பது கருவிக்குள் நிலையாக எழுதப்பட்டுள்ள மென்பொருள். ஆனால் அதனை ஒவ்வொரு கேமராவிலும் யார் ஏற்றுவது? கைப்பேசி தானே புதுப்பித்துக்கொள்ளும். அன்றைய கேமராக்கள் பெரும்பாலும் அப்படிச் செய்யவில்லை.

2018 அக்டோபரில் ஆஸ்திரிய நாட்டுப் பாதுகாப்பு ஆய்வு நிறுவனமான செக் கன்சல்ட், சீனாவின் சியோங்மாய் நிறுவனக் கருவிகளைப் பற்றி வெளியிட்ட அறிக்கை இவ்வரிசையில் எனக்கு மிகவும் வியப்பளித்தது. இந்நிறுவனம் உள்பாகங்களைச் செய்து கொடுக்கும். பல டஜன் நிறுவனங்கள் அவற்றின் மேல் தத்தம் பெயரை ஒட்டி விற்கும். எக்ஸ்எம்ஐ என்னும் செயலியில் பார்க்கக்கூடிய மலிவு விலைப் பதிவுப் பெட்டிகளும் கேமராக்களும் இவ்வகையே. போர்ட் திறக்கத் தேவையில்லாமல், பெட்டியில் உள்ள ஓர் அடையாள எண்ணைச் செயலியில் தந்தாலே படம் வரும். அவ்வெண் யூகிக்கக்கூடிய முறையில் அமைந்திருந்ததையும், அப்படி எட்டக்கூடிய நிலையில் சுமார் 90 இலட்சம் கருவிகள் இருந்ததையும் அவ்வறிக்கை காட்டியது. நிர்வாகிக் கணக்கின் கடவுச்சொல் ஆலையில் வெற்றாகவே விடப்பட்டிருந்தது. அதனை மாற்றியவர் கருவியிலும் கையேட்டில் சொல்லப்படாத இன்னொரு கணக்கு இருந்தது. அதன் பெயர் 'டிஃபால்ட்'. அதன் கடவுச்சொல், அதே ஆங்கிலச் சொல்லின் எழுத்துகளைக் கடைசியிலிருந்து முதலுக்கு எழுதினால் வருவது.

மிராய்: கேமரா படையான கதை

பார்ப்பது மட்டுமே கேமராவின் வேலை என்ற எண்ணத்தை 2016 உடைத்தது. அவ்வாண்டு ஆகஸ்டில் கண்டறியப்பட்ட மிராய் என்னும் தீநிரல், இணையத்தைத் துழாவிக் கேமராக்கள், பதிவுப் பெட்டிகள், ரவுட்டர்கள் ஆகியவற்றைத் தேடியது. அதனிடம் இருந்த ஆயுதம், அறுபதுக்குச் சற்று மேற்பட்ட பயனர் பெயர், கடவுச்சொல் இணைகள் கொண்ட ஒரு பட்டியல். எல்லாம் ஆலைகள் வைத்தவை. திறந்த கருவிக்குள் குடியேறி, மேலிடத்துக் கட்டளைக்குக் காத்திருக்கும். கட்டளை வந்ததும் இலட்சக்கணக்கான கருவிகள் ஒரே நேரத்தில் ஓர் இலக்கின் மேல் வேண்டுகோள்களைக் கொட்டும். திருவிழாக் கூட்டம் முழுவதும் ஒரே தேநீர்க் கடையின் முன் நின்று ஒரே சமயத்தில் 'ஒரு டீ' என்று கேட்டால் கடை என்ன ஆகும்? அதுவே நடக்கும்.

2016 அக்டோபர் 21 அன்று அமெரிக்காவின் டைன் நிறுவனம் இவ்வாறு தாக்கப்பட்டது. வலைத்தளப் பெயர்களை ஐபி முகவரிகளாக மாற்றித் தரும் பணியைச் செய்த நிறுவனம் அது. அதனால் ட்விட்டர், நெட்ஃபிளிக்ஸ், ரெடிட், ஸ்பாட்டிஃபை உள்ளிட்ட பல தளங்களைப் பல மணி நேரம் எட்ட முடியாமல் போனது. மிராய் கருவியின் தற்காலிக நினைவகத்தில் மட்டுமே தங்கும். கேமராவை அணைத்துப் போட்டால் அழிந்துவிடும். ஆனால் கடவுச்சொல் அப்படியே இருந்தால் சில நிமிடங்களிலேயே மீண்டும் பிடித்துக்கொள்ளும். சியோங்மாய் பாகங்கள் கொண்ட சில கருவிகளில் உள்நுழைவுக் கடவுச்சொல்லை உரிமையாளர் மாற்றவே முடியாதபடி எழுதியிருந்தார்கள். அந்நிறுவனம் அமெரிக்காவில் விற்ற சில கருவிகளைத் திரும்பப் பெறுவதாக அறிவிக்க வேண்டியதாயிற்று. மிராயை எழுதியவர்கள் அமெரிக்க இளைஞர்கள் மூவர். 2017இல் நீதிமன்றத்தில் குற்றத்தை ஒப்புக்கொண்டார்கள்.

தாக்குதலில் பங்கேற்ற கேமராக்களின் உரிமையாளர்களுக்கு ஒன்றுமே தெரியாது. அவர்கள் கேமராவில் படம் வழக்கம்போல ஓடிக்கொண்டிருந்தது.

இந்தியாவில்

நம் நாட்டில் கண்காணிப்புக் காட்சிகள் கசிந்தது முதலில் பெரிதாகப் பேசப்பட்டது 2013 ஜூலையில். தில்லி மெட்ரோ இரயில்களில் பயணம் செய்த இளம் இணையர்களின் காட்சிகள் ஆபாசத் தளங்களில் காணப்பட்டன. இது மேற்சொன்ன தொலைவழி நுழைவைப் போன்றதா, பதிவைக் கையாள்பவர் வழியே வெளியேறியதா என்பது வேறு கேள்வி. பதிவு என்ற ஒன்று இருந்தால் அதனைப் பார்க்கக்கூடியவர் யார் யார் என்று எழுதி வைத்திருக்க வேண்டும் என்பதை அந்நிகழ்வு உணர்த்தியது.

தமிழ்நாட்டில் பொதுமக்கள் கூடும் கட்டடங்களில் கேமரா பொருத்துவதை 2012இல் நகர்ப்புற உள்ளாட்சிகளுக்கான விதிகள் கட்டாயமாக்கின. 2017க்குப் பிறகு சென்னை மாநகரக் காவல்துறை 'மூன்றாவது கண்' திட்டத்தின் வழியாகக் கடைக்காரர்களையும் குடியிருப்போர் சங்கங்களையும் ஊக்குவித்துத் தெருவெங்கும் கேமராக்களை நிறுவச் செய்தது. சங்கிலிப் பறிப்பு வழக்குகளில் இவை பெரிதும் உதவியதை மறுக்க முடியாது. எங்கள் தீர்த்தமலை போன்ற மலையடிவார ஊரிலும், அருகில் உள்ள அரூரிலும் இன்று கேமரா இல்லாத கடைவீதி இல்லை. கேமரா வைக்கச் சொன்ன அதே வேகத்தில் அதனைக் காக்கவும் சொல்லிக்கொடுத்தோமா என்பதே என் கேள்வி.

2025 பிப்ரவரியில் இக்கேள்விக்கு மிகக் கசப்பான விடை கிடைத்தது. குஜராத் மாநிலம் ராஜ்கோட்டில் உள்ள ஒரு மகப்பேறு மருத்துவமனையின் கேமராக் காட்சிகள் யூடியூபில் முன்னோட்டமாகவும், டெலிகிராம் குழுக்களில் விலைக்கும் வந்திருப்பது வெளியானது. பெண்களை மருத்துவர் பரிசோதிப்பதும் செவிலியர் ஊசி போடுவதும் அவற்றில் இருந்தன. அகமதாபாத் இணையக் குற்றப் பிரிவு காவல்துறையினர் மகாராட்டிரத்திலும் உத்தரப் பிரதேசத்திலும் ஆட்களைக் கைது செய்தனர். பிற மாநிலங்களில் உள்ள நிறுவனங்கள், வீடுகள் ஆகியவற்றின் கேமராக்களும் இதே கும்பலிடம் சிக்கியிருந்தது விசாரணையில் தெரிந்தது. ஆலைக் கடவுச்சொல் மாற்றப்படாததே அவர்கள் நுழைய முக்கிய வழியாக இருந்தது எனச் செய்திகள் கூறின. நெட்ஐ வெளிவந்து ஏறத்தாழ 30 ஆண்டுகள் ஆன பின்னும் அதே ஓட்டை.

அப்பெண்களின் நிலையை எண்ணிப் பாருங்கள். கேமராவை வாங்கியது அவர்கள் இல்லை. எந்த நிறுவனம், என்ன விலை, என்ன கடவுச்சொல் என்று யாரும் அவர்களைக் கேட்கவில்லை. வாங்கியவருக்கு ஏற்பட்டது அவப்பெயர். படத்தில் இருப்பவருக்கு ஏற்பட்டதோ வாழ்நாள் முழுதும் ஆறாத அச்சம். இணையத்தில் ஒருமுறை பரவிய காட்சியை முழுமையாகத் திரும்பப் பெற வழியில்லை. கேமரா செய்பவர், விற்பவர், பொருத்துபவர், வாங்குபவர் ஆகிய நால்வரில் எவருக்கும் அந்த இழப்பு நேராக வந்து சேர்வதில்லை. இக்குறைகள் இவ்வளவு காலம் திருத்தப்படாமல் கிடந்ததற்கு இதுவே முதற்காரணம் என்பது என் கருத்து. மேலும், அங்கே கடவுச்சொல்லைப் பற்றிக் கேட்பதற்கு முன் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: பெண்களைப் பரிசோதிக்கும் அறையில் கேமரா எதற்கு?

சட்டமும் விதிகளும்

தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000இன் 66இ பிரிவு, ஒருவரின் அந்தரங்க உறுப்புகளின் படத்தை அவர் இசைவின்றி எடுப்பதையும் வெளியிடுவதையும் குற்றமாக்குகிறது. மூன்றாண்டு வரை சிறை, இரண்டு இலட்சம் ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும் விதிக்கலாம். பிறர் கருவிக்குள் உரிமையின்றி நுழைவது அதே சட்டத்தின் 43, 66ஆம் பிரிவுகளில் வரும். இவை எல்லாம் நடந்த பிறகு தண்டிப்பவை.

கருவி சந்தைக்கு வருமுன்பே தடுக்கும் விதிகள் தாமதமாகவே வந்தன. அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலத்தில் 2020 ஜனவரி 1 முதல், இணையக் கருவி ஒவ்வொன்றும் தனக்கே உரிய கடவுச்சொல்லோடு வர வேண்டும், அல்லது முதல் பயன்பாட்டிலேயே புதிதாக ஒன்றை அமைக்க வைக்க வேண்டும். பிரிட்டனில் 2024 ஏப்ரல் 29 முதல் இதுபோன்ற சட்டம் நடைமுறையில் உள்ளது; எத்தனை காலத்துக்குப் பாதுகாப்புப் புதுப்பிப்பு தருவோம் என்பதையும் விற்பவர் சொல்லியாக வேண்டும்.

இந்தியாவில் அரசு நிறுவனங்களில் மட்டும் சீன நிறுவனங்களின் கேமராக்கள் சுமார் 10 இலட்சம் உள்ளன என்று 2021இல் நாடாளுமன்றத்தில் தெரிவிக்கப்பட்டது. 2024 ஏப்ரலில் மின்னணு மற்றும் தகவல் தொழில்நுட்ப அமைச்சகம் சிசிடிவி கேமராக்களுக்கான பாதுகாப்புத் தேவைகளை அறிவித்தது. 2025 ஏப்ரல் 9 முதல் கேமராக்களின் வன்பொருளையும் மென்பொருளையும் மூலநிரலையும் அரசு ஏற்பு பெற்ற ஆய்வகங்களில் சோதனைக்கு உட்படுத்த வேண்டும். மறையாக்கம், தீநிரல் தடுப்பு, எளிதில் பிரித்து மாற்ற முடியாத உறை ஆகியவை இத்தேவைகளில் அடங்கும். நல்ல விதிதான். எனினும் அது புதிதாக விற்பனைக்கு வரும் கேமராக்களுக்கு உரியது. முன்பே கம்பத்தில் ஏறிவிட்டவை அங்கேயேதான் இருக்கின்றன.

பழைய கேமரா வைத்திருப்பவர்கள் செய்யக்கூடியவை

முதலில் கடவுச்சொல். கேமராவுக்கும் பதிவுப் பெட்டிக்கும் ரவுட்டருக்கும் தனித்தனியே, வேறு எங்கும் பயன்படுத்தாத நீண்ட சொற்றொடரை வையுங்கள். தமிழ்த் தொடர் ஒன்றை ஆங்கில எழுத்தில் இடைவெளியின்றி எழுதி நடுவில் எண்களைச் சேர்த்தால் நினைவில் நிற்கும். பிறர் ஊகிப்பதும் கடினம். ஊர்ப் பெயர், கடைப் பெயர், கைப்பேசி எண் வேண்டாம். பொருத்துபவர் வேலையை முடித்துச் செல்லும் முன், நீங்களே தட்டச்சு செய்து மாற்றுங்கள். அவர் பழுது பார்க்க வந்தால் அன்றைக்கு மட்டும் தரலாம், போனபின் மறுபடி மாற்றலாம்.

அடுத்து, ரவுட்டரில் போர்ட் ஃபார்வர்டிங் ஏதேனும் உள்ளதா என்று பார்த்து நீக்கச் சொல்லுங்கள். யுபிஎன்பி வசதியையும் அணைக்கச் சொல்லுங்கள். வெளியூரிலிருந்து பார்க்கும் தேவை உண்மையிலேயே உண்டா என்று யோசிப்பது நல்லது. சிறு மளிகைக் கடைக்குப் பெரும்பாலும் பதிவு மட்டும் போதும். அப்படியானால் பதிவுப் பெட்டியிலிருந்து இணையக் கம்பியைக் கழற்றிவிடலாம். சுற்று மீண்டும் மூடிக்கொள்ளும். தொலைவில் இருந்து பார்த்தே ஆக வேண்டும் என்பவர்கள், நிலைபொருளுக்குப் புதுப்பிப்பு இன்னும் வருகிறதா என்று நிறுவனத்தின் தளத்தில் பார்க்க வேண்டும். வருவது நின்றுபோன கருவியை இணையத்தில் வைத்திருக்கக் கூடாது. ரவுட்டரில் விருந்தினர் வைஃபை வசதி இருந்தால் கேமராக்களை அதில் தனியே இணைக்கலாம். கேமரா பிடிபட்டாலும் வீட்டுக் கணினிவரை எட்டாது.

படுக்கையறை, உடை மாற்றும் இடம், மருத்துவப் பரிசோதனை அறை, பள்ளிக் கழிவறையின் வாயில் ஆகியவற்றை நோக்கி எந்தக் கேமராவும் இருக்கக் கூடாது. ஏற்கெனவே இருந்தால் கடவுச்சொல்லை மாற்றுவதோடு நிற்காமல் கேமராவையே கழற்ற வேண்டும்.

காட்சி கசிந்தது தெரிந்தால், அவமானம் என்று எண்ணிப் பதிவுகளை அழித்துவிடாதீர்கள், அவை சான்று. பெட்டியை இணையத்திலிருந்து துண்டித்துவிட்டு, காட்சி வந்த பக்கத்தின் முகவரியையும் திரைப்படத்தையும் சேமித்துக்கொண்டு, 1930 என்னும் தேசிய இணையக் குற்ற உதவி எண்ணிலோ மத்திய அரசின் இணையக் குற்றப் புகார் தளத்திலோ அருகில் உள்ள காவல் நிலையத்திலோ புகார் கொடுக்கலாம். பெண்கள், குழந்தைகள் தொடர்பான புகார்களை அத்தளத்தில் பெயர் தெரிவிக்காமலும் பதியலாம்.

கேமராவை மாற்றும்போது பழைய பதிவுப் பெட்டியைப் பழைய இரும்புக் கடைக்குப் போடும் வழக்கம் உண்டு. அதனுள் இருக்கும் வன்தட்டில் கடைசிச் சில வாரங்களின் காட்சிகள் அப்படியே இருக்கும். 'ஃபார்மட்' கொடுத்தாலும் பல நேரங்களில் மீட்டெடுக்க முடியும். நான்கு திருகாணிகளைக் கழற்றினால் வன்தட்டு தனியே கையில் வந்துவிடும். அதை எடுத்து வைத்துக்கொண்டு வெறும் பெட்டியை மட்டும் போடுங்கள்.